மிக்ஸிக்குச் செய்த ஜெபம்

தாராவியில் அந்தச் சந்தில் எந்த வீட்டுக்குள் எட்டிப் பார்த்தாலும் ஒரே கம்பெனி மிக்ஸிதான், ஒரே பச்சை நிறம். காலையில் எல்லா வீட்டிலும் சட்னி அரைக்கிற நேரத்தில் அவை சேர்ந்து அலறும்போது ரெபேக்காவுக்கு வயிறு எரியும். தன்னைத் தோற்கடித்தது அந்த மிக்ஸிதான் என்று அவளுக்குத் தெரியும். சந்துக்கே தெரியும். கோர்ட்டுக்கு மட்டும் தெரியாது. அதற்குத் தெரிய வைக்க வேண்டியது உன் பாடு என்று சட்டம் அவள் தலையில் கட்டிவிட்டது.

ரெபேக்கா தன் புருஷன் பிரைட்டனோடு சேர்ந்து தோல் பை தைக்கிற சின்னப் பட்டறை வைத்திருப்பவள். அரசியல் பண்ண வந்தவளே இல்லை. சந்துக்குப் பொதுவான கக்கூஸில் கதவு கிடையாது. பொம்பளைகள் ஒருத்திக்கு ஒருத்தி சேலையை விரித்துப் பிடித்துக்கொண்டு போய்வந்த கொடுமையைப் பார்க்கச் சகிக்காமல், கான்ட்ராக்டர் பிரம்மநாயகத்திடம் நடந்தாள், வார்டு ஆபீசுக்கு நடந்தாள். கதவு போட்டதாகக் காகிதம் இருந்ததே தவிர கதவு இல்லை. சரி, நாமே நிற்போம் என்று தையல் மிஷின் சின்னத்தில் மாநகராட்சித் தேர்தலுக்கு நின்றுவிட்டாள். எதிரே நின்றவன் நகுல். அவனுக்குத் தேர்தல் ஏஜெண்டாகக் கையெழுத்துப் போட்டவர் வேறு யார், நம்ம பிரம்மநாயகம்தான். ரெபேக்கா நூலிழையில் தோற்றாள். சொந்தச் சந்து, சொந்தக் கிறிஸ்தவ சபை ஓட்டில் பாதி வந்திருந்தால்கூட ஜெயித்திருப்பாள்.

மிக்ஸி கொடுத்து ஓட்டு வாங்கினார்கள் என்று வழக்குப் போட்டாள். மாட்டுங்கா மார்க்கெட் பக்கம் ஒரு மாடியில் ஆபீஸ் வைத்திருக்கிற சாதனாதான் வக்கீல். பாலக்காட்டுக் குடும்பம், பிறந்து வளர்ந்தது எல்லாம் பம்பாய். தமிழ் நன்றாகப் பேசுவாள், எழுத்துக் கூட்டித்தான் படிப்பாள். சட்டத்தில் கெட்டிக்காரி. தேர்தலில் லஞ்சம் என்று சொல்வது லேசு, நிரூபிப்பது கொலைக் கேஸ் மாதிரி, துளி சந்தேகம் இருக்கக் கூடாது என்று முதல் நாளே சொல்லிவிட்டாள். பொருள் கொடுத்தது மட்டும் போதாதாம். ஓட்டுக்காகக் கொடுத்தார் என்று காட்ட வேண்டும். அதையும் ஜெயித்தவனோ அவனுடைய ஏஜெண்டோ செய்தார் என்று காட்ட வேண்டும்.

“ஊருக்கே தெரியும்கறது எவிடென்ஸ் ஆகாது அக்கா. ஒருத்தர், ஒரே ஒருத்தர் கூண்டுல ஏறிச் சொல்லணும்.”

அந்த ஒருத்தரைத்தான் காணோம். எதிர்த்தரப்பார் அழகாக ஒரு கதை கட்டியிருந்தார்கள். சபையின் பெண்கள் சங்கத்தார் சீட்டுப் பிடித்து அவர்களே வாங்கிய மிக்ஸியாம் அது. சங்கத்துப் பெண்கள் அப்படியே எழுதிக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்திருந்தார்கள். கேஸ் தோற்றால் பொய் வழக்குப் போட்டவள் என்று ரெபேக்காவின் பேர் நாறிப்போகும். பட்டறையை விற்றுத்தான் கோர்ட்டுச் செலவைக் கட்டப்போகிறாள் என்று பிரம்மநாயகம் டீக்கடையில் உட்கார்ந்து சொல்லிக்கொண்டிருந்தார். கக்கூஸ் கதவை அதோடு மறந்துவிட வேண்டியதுதான்.

இவ்வளவையும் மீறி ரெபேக்கா பிடித்த பிடியை விடவில்லை. காரணம், அவளுடைய ஓரகத்தி ஜாக்குலின் வாய் தவறிச் சொன்ன ஒரு விஷயம்.

அதைச் சொல்லுமுன் அந்தச் சபையின் வழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். எல்லாம் திருநெல்வேலித் தெற்கிலிருந்து வந்து தாராவியில் குடியேறிய கிறிஸ்தவக் குடும்பங்கள். மாடியில் தகரக் கூரை போட்ட ஒரு ஜெபவீடு. புதிதாக எந்தச் சாமான் வந்தாலும் ஜெபிக்காமல் எடுக்க மாட்டார்கள். ஃபிரிட்ஜ் வந்தால் ஜெபம், ஆட்டோ வாங்கினால் ஜெபம், ஒருமுறை பையனுக்கு வாங்கின கிரிக்கெட் மட்டைக்கும் ஜெபம் நடந்திருக்கிறது. ஜெபிக்கிறவர் சபை மூப்பர் ஞானாபரணம். அவர் ஜெபம் தொடங்கினால் குழந்தைகள் தூங்கிவிடும், பிரியாணி ஆறிவிடும். பரலோகத்தில் இருப்பவருக்கு ஒன்றும் தெரியாது என்பதுபோல யார் வாங்கினது, எந்தக் கடையில், எதற்காக, எத்தனாவது மாடியில் வைக்கப்போகிறார்கள் என்று சகலத்தையும் விளக்குவார். அதையும் மைக்கில் சொல்லுவார்.

இந்த மூப்பர், ரெபேக்காவுக்குச் சொந்தப் பெரியப்பா. அப்பா இல்லாத பிள்ளையை கல்யாணத்தில் கையைப் பிடித்துக் கொடுத்தவர்.

தேர்தல் முடிந்து கொஞ்ச நாளில், மூப்பரின் நீள ஜெபத்தைக் கிண்டல் பண்ணிக்கொண்டிருந்த ஜாக்குலின், மிக்ஸி வந்த அன்றைக்கும் அதே கதைதான் என்றாள். பிரம்மநாயகம் பெட்டிகளை ஜெபவீட்டில் இறக்கிவிட்டு நழுவப் பார்த்தாராம். மூப்பர் விடவில்லையாம். ஜெபிக்காமல் எப்படி என்று அவரையும் நிறுத்திவைத்து, கொடுத்தது யார், எதற்குக் கொடுத்தார், நாம் பதிலுக்கு என்ன சொன்னோம் என்று ஒன்றுவிடாமல் ஆண்டவரிடம் ஒப்பித்துவிட்டாராம். சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டாள். அந்தச் சாயங்காலம் ரெபேக்காவும் பிரைட்டனும் வார்டின் மறுகோடியில் ஓட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

ரெபேக்கா அதைப் பிடித்துக்கொண்டாள். சாட்சி சொல்லு என்று கேட்டபோது ஜாக்குலின் முகம் செத்துப்போயிற்று. அவள் புருஷன் ஜிபினுக்கு இப்போது பிரம்மநாயகத்திடம்தான் வேலை. தன் பேரை இழுக்காதீர்கள் என்று அழுதாள். அதோடு இன்னொன்றும் சொன்னாள். ஜெப நேரத்தில் அவள் கண்ணை மூடிக்கொண்டிருந்தாளாம். அவள் மட்டுமா, கூடியிருந்த அத்தனை பேரும் கண்ணை மூடிக்கொண்டிருந்தார்கள். பிரம்மநாயகம் கடைசிவரை நின்றாரா, இடையில் போய்விட்டாரா, கண்ணால் கண்டவர் ஒருவர்கூடக் கிடையாது. இந்தக் கூத்தை எந்தக் கோர்ட்டில் போய்ச் சொல்ல?

ரெபேக்கா பெரியப்பா வீட்டுக்கே போனாள். அவர் கட்டிலில் உட்கார்ந்து நகம் வெட்டிக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் நகவெட்டியை மடக்கி வைத்தாரே ஒழிய, நிமிர்ந்து முகத்தைப் பார்க்கவில்லை. அவள் சுற்றி வளைக்காமல் கேட்டாள். மிக்ஸி எப்படி வந்ததோ அதை அப்படியே வந்து சொல்லுங்கள், வேறு எதுவும் வேண்டாம் என்றாள்.

“அது சபைக் காரியம்ட்டி. கோர்ட்டுல ஏறி நின்னு சொல்லுத காரியமில்ல. வாக்குக் கொடுத்துட்டோம்.”

“எனக்கு எதிரா எவன்ட்டயோ கொடுத்த வாக்கு ஒங்களுக்குப் பெருசு. நான் யாரு பெரியப்பா?”

அவர் மறுபடி நகவெட்டியை விரித்தார். பெரியம்மா கொண்டுவந்த காப்பியைத் தொடாமல் ரெபேக்கா இறங்கி வந்தாள். நடுச்சந்தில் நின்று அழக்கூடாது என்று விறுவிறுவென நடந்தாள். மெயின் ரோட்டுக்கு வந்த பிறகுதான் மூச்சு நிதானப்பட்டு ஒரு விஷயம் உறைத்தது. பெரியப்பா மழுப்பினார், மறுத்தார், எல்லாம் செய்தார். ஆனால் சீட்டுப் பிடித்து வாங்கின மிக்ஸி என்ற அந்த வார்த்தை அவர் வாயிலிருந்து வரவே இல்லை.

அங்கிருந்து நேரே மாட்டுங்காவுக்குப் போனாள். மூப்பருக்குச் சம்மன் அனுப்பச் சொன்னாள். சாதனாவுக்குப் பயம். நம் பக்கம் கூப்பிட்ட சாட்சியே எதிராளி கதையைச் சொல்லிவிட்டால் கேஸ் அங்கேயே படுத்துவிடும். மிக்ஸியை வாங்கினது யார் என்று கேட்டால் அவர் என்ன சொல்வார் என்று கேட்டாள்.

“சீட்டுன்னுதான் சொல்லுவாரு மேடம். அவ்வொ சொல்லிக் கொடுத்து நெட்டுருப் போட வச்சிருப்பாவ. அதக் கேக்காதீங்க. அன்னைக்கு என்ன ஜெபிச்சீங்கன்னு கேளுங்க. எங்க பெரியப்பா மனுஷங்கிட்ட புளுகிருவாரு. ஆண்டவருட்ட சொன்னத மாத்திச் சொல்ல அவருக்கு வராது.”

சாதனா எழுந்து ஒரு தடிப் புத்தகத்தை எடுத்துப் புரட்டினாள். ஏஜெண்ட் முன்னிலையில் ஒருவர் இன்னதற்காகக் கொடுத்தார் என்று உரக்கச் சொல்லி, அவரும் அதற்கு ஆமென் போட்டிருந்தால், அந்த ஆமென் அவரைக் கட்டும் என்றாள். வாங்கினதும் குற்றம் என்று மூப்பர் பயப்படலாம். நீதிபதி பதில் சொல்லியே தீர வேண்டும் என்று உத்தரவிட்டால், அந்தப் பதிலை வைத்து அவர்மேல் வழக்குப் போட முடியாது என்பதையும் அந்தப் புத்தகத்தில் காட்டினாள். இதெல்லாம் அவர் வாய் திறந்தால்தான். ஞாபகம் இல்லை என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டாரானால்?

“முடிச்சா முடிஞ்சுது. கேளுங்க மேடம்” என்றாள் ரெபேக்கா.

விசாரணை நாளில் மூப்பர் பிரம்மநாயகத்தின் காரில் வந்து இறங்கினார். அதைப் பார்த்ததுமே பிரைட்டன் தலையில் கை வைத்துக்கொண்டான். போதாததற்கு ஒரு டெம்போ நிறைய சபைப் பெண்கள் வேறு. சாட்சி சொல்ல வேண்டியவர்கள் வெளியே பெஞ்சில் உட்கார, மற்றவர்கள் உள்ளே பின்வரிசையை நிரப்பிக்கொண்டார்கள். சபையே எங்கள் பக்கம் என்று காட்டுவதற்கு பிரம்மநாயகம் செய்த ஏற்பாடு அது. ஜாக்குலினும் அதில் இருந்தாள். ரெபேக்கா திரும்பியபோது அவள் குனிந்து செருப்பைச் சரிசெய்தாள். நகுல் வரவில்லை. அவன் வக்கீல் பக்கத்தில், வெள்ளைச் சட்டையில் கால்மேல் கால் போட்டுக்கொண்டு பிரம்மநாயகம் உட்கார்ந்திருந்தார்.

கோர்ட் ஏற்பாடு செய்திருந்த மொழிபெயர்ப்பாளர் செம்பூர்க்காரர். மூப்பர் கூண்டில் ஏறி, கடவுள் பேரில் சத்தியம் செய்தார். பேர், வயது எல்லாம் ஆனதும், தேர்தலுக்கு முன்பு ஜெபவீட்டுக்குப் புது மிக்ஸி வந்ததா என்று சாதனா கேட்டாள். வந்தது என்றார். அவற்றுக்கு ஜெபித்தீர்களா? ஜெபித்தேன். இந்த இரண்டு கேள்வி வரைக்கும் பிரம்மநாயகம் புன்னகையோடுதான் இருந்தார். அடுத்து வரப்போகும் கேள்விக்கு மூப்பரிடம் சீட்டுக் கதை தயாராக இருந்தது. அந்தக் கேள்வி வரவில்லை.

“அன்னிக்கு நீங்க பண்ணின ஜெபத்தைச் சொல்லுங்கோ.”

மூப்பர் திகைத்துவிட்டார். பிரம்மநாயகத்தின் கால் கீழே இறங்கியது. எதிர் வக்கீல் எழுந்து, ஜெபம் என்பது மனிதனுக்கும் அவனுடைய தெய்வத்துக்கும் இடையிலான அந்தரங்கம், கோர்ட் அதற்குள் நுழையலாமா என்று உருக்கமாகவே வாதாடினார். நீதிபதி அவரைப் பொறுமையாகக் கேட்டுவிட்டு, அந்த ஜெபம் மனதுக்குள் செய்ததா வாய்விட்டுச் செய்ததா என்று மட்டும் சாட்சியிடம் விசாரித்தார்.

“மைக்குலதான்யா. சந்து முக்கு வரைக்கும் கேக்கும்” என்றார் மூப்பர்.

சந்து முனை வரைக்கும் கேட்டது அந்தரங்கம் ஆகாது என்று நீதிபதி சொல்லிவிட்டார். பதில் சொல்லித்தான் ஆக வேண்டும், அந்தப் பதிலால் உங்கள்மேல் வழக்கு வராது என்று மொழிபெயர்ப்பாளர் வழியாக மூப்பருக்கு எடுத்துச் சொன்னார். மூப்பர் பிரம்மநாயகத்தைப் பார்த்தார். பின்வரிசையைப் பார்த்தார். கடைசியில் ரெபேக்காவைப் பார்த்தார். அவளும் பார்வையைத் திருப்பிக்கொள்ளவில்லை. ஞாபகமில்லை என்று சொல்லிவிடுங்கள் பார்ப்போம் என்று அவள் கண் சொன்னது.

மூப்பர் கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டார். கையைக் கூப்பினார். கண்ணைத் திறந்துகொண்டு ஜெபத்தைச் சொல்ல அவருக்குத் தெரியாது. மூடிக்கொண்டார்.

“அன்பும் இரக்கமும் உள்ள எங்கள் பரலோகப் பிதாவே, இந்தச் சாயங்கால வேளைக்காக ஸ்தோத்திரம். ஒம்முடைய பிள்ளை பிரம்மநாயகம் அண்ணாச்சி எங்க சபைக்கு வீட்டுக்கு ஒண்ணா இந்த மிக்ஸியக் கொண்டாந்து தந்திருக்காவ. நகுல் தம்பிக்கு ஓட்டுப் போடணும்னு சொல்லித் தந்திருக்காவ. நாங்களும் போடுதோம்னு வாக்குக் கொடுத்திருக்கோம் ஆண்டவரே. இதுல ஒரு பிள்ளை கையும் மாட்டாதபடிக்குக் காத்துக்கொள்ளும்.”

மொழிபெயர்ப்பாளர் வரிவரியாகச் சொல்லிக்கொண்டே வந்தார், டைப் அடிக்கும் சத்தம் கேட்டது. ஜாக்குலின் சொன்னதோடு எல்லாம் ஒத்துப்போயிற்று. அவ்வளவுதான் என்று ரெபேக்கா நினைத்தாள். மூப்பர் முடிக்கவில்லை. குரல் மட்டும் இறங்கியது.

“எங்க வீட்டுப் பிள்ளை ரெபேக்காவும் நிக்கா. அவளுக்கு நாங்க போடமாட்டோம், எங்கள மன்னியும். அவ தோத்துப்போவா ஆண்டவரே. தோத்துப்போற அன்னைக்கு அவளைத் தனியா விட்டுராதேயும். இயேசுவின் நாமத்தில் கேக்கிறோம் பிதாவே.”

“ஆமென்” என்று பின்வரிசை முழுவதும் சொன்னது.

யாரும் வேண்டுமென்று சொல்லவில்லை. ஜெபம் முடிந்தால் ஆமென் சொல்லிப் பழகிய வாய், சொல்லிவிட்டது. சொன்ன பிறகுதான் எந்த இடத்தில் இருக்கிறோம் என்பது உறைத்து, ஒருத்தி சேலைத் தலைப்பால் வாயைப் பொத்தினாள். ஜாக்குலின் பொத்தவில்லை. நீதிபதி கண்ணாடிக்கு மேலாகப் பின்வரிசையைப் பார்த்தார். அதை மொழிபெயர்க்க வேண்டுமா என்று செம்பூர்க்காரர் கேட்க, தேவையில்லை, புரிகிறது என்றார்.

ரெபேக்காவுக்குச் சந்தோஷப்படத் தோன்றவில்லை. அவள் வேண்டியது கிடைத்துவிட்டது, கூடவே அவள் கேட்காத ஒன்றும் வந்து நெஞ்சில் விழுந்திருந்தது. சந்து முழுக்கக் கேட்கும்படி அவளுடைய தோல்விக்காக ஜெபித்திருக்கிறார்கள், அவளுக்காகவும் ஜெபித்திருக்கிறார்கள். அதை ஒருவரும் அவளிடம் சொல்லவில்லை. அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன. பிரைட்டன் அவள் முழங்கையைப் பிடித்துக்கொண்டான்.

எதிர் வக்கீல் லேசுப்பட்ட ஆளில்லை. மறுபடி எழுந்தார். ஜெபம் முழுக்கக் கண்ணை மூடியிருந்தீர்கள் அல்லவா என்றார். ஆமாம் என்றார் மூப்பர். சபையார் எல்லாரும்? எல்லாரும்தான். அப்படியானால் பிரம்மநாயகம் அங்கே நின்றார், இதைக் கேட்டார், இதற்கு ஆமென் சொன்னார் என்பதைக் கண்ணால் கண்டவர் யாருமில்லை, அவர் அப்போதே படி இறங்கிப் போயிருக்கலாம் அல்லவா? ஜாக்குலின் சொன்ன அதே சிக்கல். சாதனாவின் பேனா அப்படியே நின்றது.

“கண்ணு மூடித்தான் இருந்துது” என்றார் மூப்பர். “புதுச் சாமான் கொடுத்தவ்வொளும் அதுமேல கை வைக்கணும், அது எங்க வழக்கம். பெட்டிமேல அவ்வொ கைய வச்சு, அதும்மேல எங்கைய வச்சுப் பிடிச்சிருந்தேன். அவ்வொளும் ஆமென் சொல்லி முடிச்சப் பெறவுதான் விட்டேன். ரொம்ப வேர்த்திருந்துது.”

எல்லார் பார்வையும் போன திசையில், பிரம்மநாயகம் தன் வலது கையை பேன்ட்டில் துடைத்துக்கொண்டிருந்தார். எதிர் வக்கீல் வேறு கேள்வி இல்லை என்று உட்கார்ந்தார்.

வெளியே வராந்தாவில் மூப்பர் தூணோரம் தனியாக நின்றிருந்தார். கார் போய்விட்டது, டெம்போவும் போய்விட்டது. ரெபேக்கா பக்கத்தில் வந்ததும், எம்மேல கோவமாட்டி என்று கேட்டார். கோபம்தான் என்றாள். கோபம் தீர நாளாகும், வீட்டுக்கு வந்து சண்டை போடுவேன், இப்போது சையனுக்கு ட்ரெய்ன் பிடிக்க வேண்டும் வாருங்கள் என்று அவர் கையைப் பிடித்துப் படியில் இறக்கினாள். வழியில் பிரைட்டன் வாங்கின வடாபாவை மூப்பர் முழுசாகத் தின்றார்.

மழைக்காலத்தில் தீர்ப்பு வந்தது. நகுலின் தேர்தல் செல்லாது. அந்த ஜெபத்தை நீதிபதி வரிக்குவரி தீர்ப்பில் எடுத்துப் போட்டிருந்தார். மிக்ஸியை யாரும் திருப்பிக் கொடுக்கவில்லை, அதைச் சொல்லியாக வேண்டும். இன்றைக்கும் சந்தில் அதில்தான் சட்னி. பிரம்மநாயகம் கோபத்தில் ஜாக்குலின் புருஷன் ஜிபினை வேலையிலிருந்து துரத்தினார், இப்போது அவன் ரெபேக்கா பட்டறையில் பை தைக்கிறான்.

மறுதேர்தல் அறிவித்த வாரம் மூப்பர் ரெபேக்காவை ஜெபவீட்டுக்குக் கூப்பிட்டனுப்பினார். சபை நிறைந்திருந்தது. அவளை முன்னால் முழங்கால் போட வைத்துத் தலையில் கை வைத்து, மைக்கைப் பிடித்து, எங்கள் பிள்ளை ஜெயிக்கும்படி இந்தச் சபையார் எல்லாரும் அவளுக்கே என்று அவர் தொடங்கியதுதான் தாமதம். ரெபேக்கா துள்ளி எழுந்து மைக்கை நிறுத்தினாள்.

“வேண்டாம் பெரியப்பா. சபையில வச்சு மதத்தைச் சொல்லி ஓட்டுக் கேட்டா அதுவும் அதே சட்டத்துல குத்தம். நாளைக்கு அவ்வொ கேஸு போடுவாவ, ஒங்களத்தான் கூண்டுல ஏத்துவாவ. நீங்களும் ஒண்ணுவிடாமச் சொல்லிருவீங்க.”

சபையே சிரித்தது. மூப்பருக்கு முகம் வாடிவிட்டது. செய்ததற்கு ஈடுகட்ட அவருக்குத் தெரிந்த ஒரே வழி அதுதான், அதையும் அடைத்துவிட்டால் மனிதர் என்ன செய்வார்?

“அப்பம் என்னத்தட்டி ஜெபிக்க?”

ரெபேக்கா அவர் கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள்.

“கக்கூஸுக்குக் கதவு வரணும்னு ஜெபிங்க. யாரு போட்டாலும் சரி, கதவு வந்தாப் போதும். அதுல குத்தமில்ல.”

மூப்பர் கண்ணை மூடினார். கதவு எத்தனை வேண்டும், எந்தப் பக்கம் திறக்க வேண்டும், தாழ்ப்பாள் உள்ளே எந்த உயரத்தில் இருக்க வேண்டும், பல்பு ஏன் வேண்டும், பொம்பளைப் பிள்ளைகள் எதற்குப் பயப்படுகிறார்கள் என்று ஆண்டவருக்கு ஒன்றுவிடாமல் விளக்கினார். கீழே யார் வீட்டிலோ குக்கர் விசில் அடித்து ஓய்ந்தது, குழந்தைகள் தூங்கின, ஒருவரும் முணுமுணுக்கவில்லை. முடித்தபோது சபை மொத்தமும் ஆமென் சொன்னது. ரெபேக்காவின் ஆமென்தான் எல்லாவற்றையும்விடச் சத்தமாக இருந்தது.